தேதி போடாத கடிதம்

பெங்களூர் ஆஸ்டின் டவுனில் வனஜாவின் மிக்சி கடைக்கு அந்தப் பெண் வந்தது 1997 ஆகஸ்ட் மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு. எந்த மாடல் வேண்டும் என்று கேட்டதும் யோசிக்காமல் சொன்னார். ஓட்டிக் காட்டச் சொல்லவில்லை. ஜாரைக் கையில் எடுத்துப் பார்க்கவில்லை. விலையை மட்டும் இரண்டு தடவை கேட்டார்.

"ஆயிரத்து அறுநூத்தித் தொண்ணூறு" என்றார் வனஜா.

"பில்லுலயும் அதையே போட்டுக் குடுப்பீங்களா?"

அந்தக் கேள்வி வனஜாவுக்குச் சுருக்கென்றது. மிக்சி வாங்க வருகிறவர்கள் இன்னும் ஐம்பது குறையுங்கள் என்பார்கள், பழையதை எடுத்துக்கொள்வீர்களா என்பார்கள். பில்லில் என்ன தொகை விழுகிறது என்று யாரும் கவலைப்பட்டதில்லை. ஆனாலும் விற்ற விலையைத்தானே எழுதுகிறோம் என்று எழுதிக் கொடுத்தார்.

அந்தப் பெண் பெட்டியைத் தூக்கிக்கொண்டு தெருமுனைக்குப் போனார். அங்கே ஒரு மோட்டார் சைக்கிள் நின்றிருந்தது. அதில் உட்கார்ந்திருந்தவர் பெட்டியை வாங்கிக்கொள்ளவில்லை. முதலில் பில்லை வாங்கிப் பார்த்தார். அது சில்வெஸ்டர். வனஜாவுக்கு மிக்சி சப்ளை செய்த 'நிர்மலம்' கம்பெனியின் விற்பனைப் பிரதிநிதி, காக்ஸ் டவுன்காரர். மாதம் இரண்டு முறை வந்து ஆர்டர் எடுத்து, அக்கா அக்கா என்று டீ குடித்துவிட்டுப் போகிறவர்.

கடைக்குள் நின்றபடி வனஜா அவரைப் பார்த்தார். சில்வெஸ்டரும் பார்த்தார். வழக்கமாகத் தூக்குகிற கையை அன்றைக்கு அவர் தூக்கவில்லை.

வனஜா பிறந்தது கோலார் தங்கவயலில், சாம்பியன் ரீப்பில், சுரங்கத் தொழிலாளிகளின் லைன் வீடு ஒன்றில். பூர்வீகம் வட ஆற்காடு. கல்யாணமாகிப் பெங்களூர் வந்தபின் பீன்யாவில் ஒரு சின்னத் தொழிற்சாலையில் ஆறு வருஷம் மோட்டார்களுக்குச் செப்புக்கம்பிக் காயில் சுற்றினார். எரிந்த மோட்டாரைத் திறக்காமலேயே, வாசனையை வைத்து எது போயிருக்கிறது என்று சொல்லிவிடுவார். 1992இல் அந்தத் தொழிற்சாலை மூடியதும் ஒற்றை ஷட்டர் கடை ஒன்றைப் பிடித்து மிக்சி ரிப்பேர் பார்க்க ஆரம்பித்தார். ஒரு வருஷத்தில் நிர்மலம் கம்பெனி அவரை டீலராகச் சேர்த்துக்கொண்டது. கணவர் பால்ராஜ் ஒரு பொதுத்துறைத் தொழிற்சாலையில் ஃபிட்டர். சம்பளம், ஓவர்டைம், ஞாயிற்றுக்கிழமை சர்ச் என்று கணக்காக வாழ்கிற, வம்பை நூறு அடிக்கு முன்பே பார்த்து ஒதுங்குகிற மனிதர்.

தங்கவயலிலிருந்து தினமும் விடியற்காலை ரயிலேறி பெங்களூரில் வேலை பார்த்துவிட்டு மாலை ரயிலில் திரும்புகிற கூட்டம் பெரியது. கட்டட வேலைக்காரர்கள், ஆஸ்பத்திரி ஆயாக்கள், செக்யூரிட்டிகள், ஆபீஸ் குமாஸ்தாக்கள். நம்ம ஊர் பொண்ணு கடை என்று அவர்கள் வனஜாவிடம் வந்தார்கள். கம்பெனி அவருக்கு ஒரு மிக்சியை ஆயிரத்து நானூற்று எண்பதுக்குக் கொடுத்தது. பெட்டியில் அச்சிட்ட விலை ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பது. ரிப்பேர் வேலையிலேயே வாடகை வந்துவிட்டதால் வனஜா இருநூற்றுப் பத்து ரூபாய் லாபம் வைத்து விற்றார். அவர்கள் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு ரயிலில் ஊருக்குக் கொண்டுபோனார்கள்.

தங்கவயலில், ராபர்ட்சன்பேட்டை கடைத்தெருவில், அதே கம்பெனியின் டீலர் கணேசமூர்த்தி. அவர் கடையில் அதே மிக்சி ஆயிரத்து எண்ணூற்றுத் தொண்ணூறு. தன்னிடம் வாங்காத மிக்சிகள் ரிப்பேருக்காகத் தன் மேஜையில் வந்து உட்கார ஆரம்பித்ததும் கணேசமூர்த்தி ஒவ்வொன்றையும் கவிழ்த்து அடியிலிருந்த சீரியல் நம்பரைக் குறித்துக்கொண்டார். எந்த நம்பர் எந்த டீலருக்குப் போனது என்பது கம்பெனிக்குத் தெரியும். பட்டியல் பெங்களூர் கிளைக்குப் போனது.

அந்தப் பெண் மிக்சி வாங்கிப்போன மறுநாள் சில்வெஸ்டர் கடைக்கு வந்தார். டீ வேண்டாம் என்றார்.

"அக்கா, சார் உங்களப் பாக்கணும்ன்றாரு. இன்னிக்கே."

"இன்னா விஷயம்? நேத்து அந்தப் பொம்பளைய அனுப்புன விஷயமா?"

சில்வெஸ்டர் கீழே பார்த்தார். "எனக்குச் சொன்னதச் செஞ்சேன் அக்கா. நீங்க சார்கிட்ட எதிர்த்துப் பேசாதீங்க. அவர் சொல்றதுல கையெழுத்துப் போட்டுட்டு வந்துடுங்க. எல்லாரும் போட்டிருக்காங்க."

கிளை மேலாளர் ரகுராம் கெட்ட மனிதரல்ல என்று வனஜா, பல வருஷம் அவர் கடைக்குப் போய்ப் பழகிய என்னிடம், பலமுறை சொல்லியிருக்கிறார். அன்று அவர் வனஜாவை உட்காரச் சொல்லி, தண்ணீர் கொடுத்து, மேஜைமேல் அந்தப் பில்லை வைத்தார். பக்கத்தில் கணேசமூர்த்தியின் சீரியல் நம்பர் பட்டியல்.

"ரெண்டு தப்பு பண்ணியிருக்கீங்க மேடம். ஆயிரத்து எண்ணூத்தித் தொண்ணூறுக்குக் கீழ வித்திருக்கீங்க. உங்க ஏரியாவுக்கு வெளிய வித்திருக்கீங்க."

"அந்த ரேட்டு எங்க சார் எழுதியிருக்கு? நீங்க குடுத்த விலைப் பட்டியல்ல, இதுக்குக் கொறைச்சும் விக்கலாம்னு தானே அச்சடிச்சிருக்கு?"

"அது சட்டம் போடச் சொல்றதால போட்டது. உங்களுக்கு வாயால சொன்னதுதான் ரேட்டு." ரகுராம் குரலை உயர்த்தவில்லை. "எனக்குக் கீழ நூத்திப் பதினேழு டீலர். அதுல நாப்பது பேர் பெரிய ஷோரூம் வெச்சு, டெமோ காட்டி, ஆள் வெச்சு சர்வீஸ் பண்றான். கஸ்டமர் அங்க போய்ப் பாத்துட்டு உங்ககிட்ட வந்து எரநூறு ரூபா கம்மியா வாங்கிட்டுப் போனா, அவன் எதுக்கு ஷோரூம் வெக்கணும்?"

"நான் ரிப்பேரே பண்ணித் தர்றேனே சார். உங்க ஷோரூம்காரரு பண்ண முடியாததெல்லாம் என்கிட்டதான் வருது."

ரகுராம் இழுப்பறையைத் திறந்து டைப் அடித்த ஒரு தாளை எடுத்து வைத்தார். ஆங்கிலத்தில் இரண்டே வரி. எனது சொந்தக் காரணங்களால் டீலர்ஷிப்பை விட்டு விலகுகிறேன், கம்பெனியின் மீது எனக்கு எந்தப் புகாரும் இல்லை. கீழே வனஜாவின் பெயர். தேதி போடவேண்டிய இடம் காலியாக இருந்தது.

"கையெழுத்துப் போட்டுக் குடுங்க. இது என் டிராயர்லயே கிடக்கும். நீங்க ரேட்டை மெயின்டெயின் பண்ணா இதை நான் வெளிய எடுக்கவே மாட்டேன். தீபாவளிக்கு உங்களுக்கு எண்பது பீஸ் ஒதுக்கியிருக்கேன்."

வனஜா அந்த இழுப்பறையைப் பார்த்தார். உள்ளே அதே மாதிரித் தாள்கள் ஒரு கட்டு. மேலாக இருந்ததில் ராபர்ட்சன்பேட்டை முகவரி தெரிந்தது. கணேசமூர்த்தியும் போட்டிருக்கிறார்.

பேனாவை எடுத்தாராம். எண்பது மிக்சி என்பது அவருக்கு மூன்று மாதப் பிழைப்பு. மூடியைக்கூடக் கழற்றிவிட்டார். "அந்தக் காலி எடத்தப் பாத்தேங்க. அதுல அவர் நாளைக்கு எந்தத் தேதி வேணா போடலாம். என் கையெழுத்து, அவரோட தேதி. கை ஓடல" என்றார் என்னிடம்.

"இத எனக்கு வேணாம் சார்" என்று எழுந்துவிட்டார்.

"யோசிச்சுக்கோங்க மேடம்."

"யோசிச்சுட்டேன் சார்."



அடுத்த வாரம் போட்ட ஆர்டருக்குச் சரக்கு வரவில்லை. போன் செய்தால் உற்பத்தி குறைவு என்றார்கள். அதே வாரம் சிவாஜி நகரில் இரண்டு கடைகளில் நிர்மலம் பெட்டிகள் கூரைவரை அடுக்கியிருந்ததை வனஜா கண்ணாலேயே பார்த்தார். தீபாவளிக்கு முந்தின பத்து நாள் அவர் கடையில் காட்சிக்கு இருந்த இரண்டு மிக்சிகள் மட்டும்தான். ஊர்க்காரர்கள் வந்து வந்து திரும்பினார்கள்.

அதைவிடப் பெரிய அடி ருக்குவால் வந்தது. ருக்கு தங்கவயலிலிருந்து தினமும் வந்து ஒரு நர்சிங் ஹோமில் வேலை செய்தவர். முந்தின வருஷத் தீபாவளிக்கு முன் வனஜாவிடம் மிக்சி வாங்கியவர். அதில் ஒரு பாகம் உடைந்துபோய் இரண்டு வருஷக் கேரண்டியில் மாற்ற கம்பெனி சர்வீஸ் சென்டருக்குப் போனார். சீரியல் நம்பரைப் பார்த்துவிட்டு, இது உங்கள் ஏரியா டீலரிடம் வாங்கியது இல்லை, கேரண்டி செல்லாது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

"நீ டூப்ளிகேட் வித்துட்டன்னு ரயில்ல பேசிக்கறாங்கடி" என்றார் ருக்கு, கடை வாசலிலேயே நின்றுகொண்டு. "நான் நம்பல. ஆனா நாலு பேர் கேக்கறாங்க, நான் இன்னா சொல்றது?"

வனஜா கைக்காசில் அந்தப் பாகத்தை வாங்கிப் போட்டுக் கொடுத்தார். ருக்கு போனபின் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு உள்ளே உட்கார்ந்து அழுதார். அதுவரை சரக்கு வராததற்குக்கூட அவர் அழவில்லை.

வழக்கறிஞர் மைதிலியின் ஆபீஸ் ரிச்மண்ட் டவுனில் ஒரு டயர் கடைக்கு மேலே இருந்தது. வனஜா சரிசெய்து கொடுத்த ஒரு கிரைண்டரின் சொந்தக்காரர் மைதிலி. அந்தப் பழக்கத்தில்தான் போனார். பால்ராஜும் கூட வந்தார், தடுப்பதற்காக.

மைதிலி எல்லாவற்றையும் கேட்டுவிட்டு அலமாரியிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்தார். ஏகபோகங்களையும் கட்டுப்பாட்டு வியாபார முறைகளையும் பற்றிய 1969ஆம் வருஷத்துச் சட்டம். எல்லாரும் எம்.ஆர்.டி.பி. என்பார்கள்.

"இதுக்குக் கீழ விக்கக்கூடாதுன்னு கம்பெனி விலை கட்டக்கூடாது. அப்படி ஒரு ஒப்பந்தம் போட்டா அது செல்லாது. கொறைச்சு வித்தாங்கன்னு சரக்க நிறுத்தவும் கூடாது. இது ரெண்டும் சட்டத்துல தெளிவா இருக்கு. ஏரியா விஷயம் அப்படி இல்ல. இந்த டீலருக்கு இந்த ஊர்னு பிரிக்கறது எப்பவுமே தப்புன்னு சொல்ல முடியாது. சர்வீஸுக்காகப் பிரிச்சோம், அதனால ஜனங்களுக்கு நன்மைதான்னு கம்பெனி நிரூபிச்சா விட்டுடுவாங்க. நாம ஜெயிச்சா விலையிலதான் ஜெயிப்போம்."

"அப்ப கேஸ் போடலாம் மேடம்" என்றார் வனஜா.

"எதை வெச்சுப் போடறது? பேப்பர்ல கொறைச்சு விக்கலாம்னுதான் இருக்கு. சரக்கு இல்லைன்னுதான் சொல்றாங்க, நிறுத்திட்டோம்னு சொல்லல. அவர் வாயால சொன்னத இன்னொருத்தர் வந்து சொல்லணும். ஒரு டீலர், இல்லன்னா உள்ள இருக்கற ஒருத்தர்."

பால்ராஜ் முதல்முறையாகப் பேசினார். "யாரும் வர மாட்டாங்க மேடம். எல்லார் கையெழுத்தும் அந்த டிராயர்ல இருக்கு."

அவர் சொன்னதுதான் நடந்தது. வனஜா பதினான்கு டீலர்களைப் போய்ப் பார்த்தார். மல்லேஸ்வரத்தில் ஒரு கன்னடக்காரர், "ஹவுதம்மா, ஆமாம்மா, நியாயந்தான்" என்று கையைப் பிடித்துக்கொண்டு சொல்லிவிட்டு, தன் பெயரை மட்டும் எங்கும் எழுதவேண்டாம் என்றார். தங்கவயலுக்கே போய்க் கணேசமூர்த்தியையும் பார்த்தார். அவர் எழுந்துகூட நிற்கவில்லை.

"என் ஏரியாவுல வித்துட்டு எங்கிட்டயே சாட்சிக்கு வர்றீங்களே, உங்களுக்கு வெக்கமா இல்ல? சுரங்கம் எப்ப மூடுவான்னு தெரியாம ஊரே பயந்துக்கினு கெடக்குது. இங்க விக்கறதே மாசத்துக்குப் பத்து. அதுல ஆறு நீங்க எடுத்துக்கினீங்க."

 அவர் சொன்னதும் உண்மைதான் என்று வனஜாவுக்குத் தோன்றியது.

சில்வெஸ்டரை காக்ஸ் டவுனில் அவர் வீட்டு வாசலில் பார்த்தார். அவர் உள்ளே கூப்பிடவில்லை. "எனக்கு ரெண்டு பசங்க அக்கா. இன்னொரு தடவ இங்க வராதீங்க" என்று கேட்டைச் சாத்திக்கொண்டார்.

சாட்சி இல்லாமலேயே 1998 ஜனவரியில் புகார் டெல்லிக்குப் போனது. அந்தச் சட்டப்படி விசாரிக்கிற டைரக்டர் ஜெனரல் அலுவலகம் கம்பெனியிடம் விளக்கம் கேட்டது, முதல் கட்ட விசாரணை செய்தது, விஷயம் தீர்ப்புச் சொல்லும் எம்.ஆர்.டி.பி. கமிஷன் முன்னால் போனது. இதற்கிடையில் வனஜா வேறு கம்பெனிகளிடம் டீலர்ஷிப் கேட்டுப் போனார். இரண்டு இடங்களில் நன்றாகப் பேசிவிட்டுப் பின்னால் கைவிரித்தார்கள். கேஸ் போடுகிற கடைக்காரி என்ற பெயர் அவருக்கு முன்பே அங்கெல்லாம் போய்ச் சேர்ந்திருந்தது.  ஒருநாள் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டே பால்ராஜ், "வாபஸ் வாங்கிட்டா சரக்கு குடுப்பாங்களா?" என்று கேட்டார். குடுப்பார்கள், அந்தத் தாளில் கையெழுத்துப் போட்டால், என்றார் வனஜா. பால்ராஜ் தட்டைத் தள்ளிவைத்தார். பிறகு, "வேணாம்" என்றார்.

ஜூலையில் கம்பெனியின் பதில் மனு வந்தது. மைதிலி வனஜாவைக் கூப்பிட்டு மூன்றாவது பக்கத்தை வாசித்துக் காட்டினார். குறைந்தபட்ச விலை என்று எதையும் கம்பெனி விதிக்கவில்லை. எந்த டீலரையாவது யாராவது அப்படி மிரட்டியிருந்தால், அது விற்பனைப் பிரதிநிதி சில்வெஸ்டர் தன் விற்பனைக் கமிஷனைப் பெருக்கிக்கொள்ளத் தானாகச் செய்தது. கம்பெனிக்கு அதில் சம்பந்தமில்லை. கீழே ரகுராமின் கையெழுத்து.

"இந்தத் தாள அந்த ஆள் பாத்திருக்க மாட்டார்" என்றார் மைதிலி. "இது மறைக்கற பேப்பர் இல்ல. கமிஷன்ல போட்டாச்சு. அவர் பேர் இதுல இருக்கறதால அவருக்கும் தெரியணும்."

வனஜா அந்தப் பக்கத்தின் நகலைக் கவரில் போட்டுத் தபாலில் அனுப்பினார். கூட ஒரு வார்த்தையும் எழுதவில்லை.

ஐந்து நாள் ஒன்றும் நடக்கவில்லை. ஆறாம் நாள் மத்தியானம், கடைத்தெரு சாப்பாட்டுக்கு அடங்கியிருந்த நேரம், சில்வெஸ்டர் வந்தார். மோட்டார் சைக்கிளை எங்கோ தள்ளி விட்டுவிட்டு நடந்து வந்திருந்தார். சட்டை நனைந்திருந்தது. உள்ளே வந்ததும் ஷட்டரை இறக்கச் சொன்னார்.

"பதினோரு வருஷம் அக்கா. ரகுராம் சார் பொண்ணு கல்யாணத்துக்குப் பந்தக்காலு நட்டதுல இருந்து பாத்திரம் திருப்பிக் குடுத்தது வரைக்கும் நான்தான்." தோள்பையிலிருந்து ஒரு ஃபைலை எடுத்தார். "நானாப் பண்ணேனாம்."

உள்ளே மாதாந்தர அறிக்கையின் கார்பன் நகல்கள். வரிசையாகக் கட்டங்கள்: சீரியல் நம்பர், விற்ற டீலர், வாங்கியவரின் ஊர், விற்ற விலை. கடைசிக் கட்டம் நடவடிக்கை. 1997 ஆகஸ்ட் தாளில் வனஜாவின் பெயருக்கு நேரே சிவப்பு மையில், சரக்கை நிறுத்தவும், கடிதம் வாங்கவும், என்று ஆங்கிலத்தில் எழுதி, கீழே ரகுராமின் சுருக்கக் கையெழுத்து. அந்த ஒரு தாள் நகல் அல்ல. ரகுராம் எழுதி சில்வெஸ்டரிடமே திருப்பிக் கொடுத்த, சிவப்பு மை அப்படியே இருந்த மூலத்தாள்.

"இதக் குடுத்தா உனக்கு வேலை போயிடும்" என்றார் வனஜா.

"போயிடுச்சு அக்கா. காலைல ராஜினாமா லெட்டர் குடுத்துட்டுத்தான் வர்றேன்." ஃபைலை வனஜா பக்கம் தள்ளிவிட்டு, "அதுல தேதி நானே போட்டேன்" என்றார்.

1999 பிப்ரவரியில் வனஜாவும் மைதிலியும் சில்வெஸ்டரும் ரயிலில் டெல்லிக்குப் போனார்கள். இரண்டு நாள் பயணம் முழுக்க வனஜா கொள்முதல் பில்கள் இருந்த பையைத் தலைக்கடியிலேயே வைத்திருந்தார். அந்தக் குளிருக்கு அவரிடம் ஸ்வெட்டர் இல்லை. மைதிலியின் சால்வையைப் போர்த்திக்கொண்டுதான் சாட்சி சொன்னார். தமிழ் தெரிந்த ஓர் ஊழியர் மொழிபெயர்த்தார்.

சில்வெஸ்டரின் தாள் வந்தபின் கம்பெனி வேறு பாதைக்குப் போனது. சரக்கை நிறுத்தியது உண்மைதான், ஆனால் அதற்குச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது என்றார் அவர்கள் வக்கீல். ஒரு கடைக்காரர் ஒரு பொருளை லாபமில்லாமல் தூண்டிலாகப் போட்டு, வருகிறவர்களை வேறு பொருள் வாங்க வைத்தால், கம்பெனி சரக்கை நிறுத்தலாம். அதற்கு விலக்கு உண்டு. வனஜா செய்தது அதுதான் என்றார்.

"ஒரு மிக்சிக்கு உங்களுக்கு என்ன நின்றது?"

"எரநூத்திப் பத்து. ஆட்டோ கூலி பதினஞ்சு போனா நூத்தித் தொண்ணூத்தஞ்சு." பில்களை எடுத்துக் கொடுத்தார்.

வக்கீல் அவற்றைப் பார்க்கவேயில்லை. ஒரு போட்டோவை நீட்டினார். வனஜாவின் கடை வாசல். முன்னால் இரும்புக் கம்பியில் அலுமினியக் குண்டான்களும் வாணலிகளும் வரிசையாகத் தொங்கின.

"இது உங்கள் கடைதானே?"

"ஆமாங்க."

"மிக்சி வாங்க வருகிறவர்கள் இந்தப் பாத்திரங்களையும் வாங்குவார்கள். இதில்தான் உங்கள் லாபம். அப்படித்தானே?"

 "அது என் சரக்கு இல்லீங்க. பக்கத்துக் கடை சந்திரம்மாவோடது. ரெண்டு கடைக்கும் ஒரே கம்பி. அவங்க எப்பவும் என் பக்கம் வரைக்கும் மாட்டிடுவாங்க. அதுக்கு நாங்க மாசத்துக்கு ஒரு தடவ சண்டை போடுவோம்."

மொழிபெயர்ப்பைக் கேட்டு யாரோ பின்னால் சிரித்தார்கள். வக்கீலும் சிரித்தார். "சந்திரம்மா இங்கே இருக்கிறாரா? இல்லை. அவருடைய பில் இருக்கிறதா? இல்லை. உங்கள் வாயால் சொல்வதுதான் இருக்கிறது."

மைதிலி எழ முயன்றதையும், கமிஷன் தலைவர் கையமர்த்தியதையும் வனஜா பார்த்தார். இவ்வளவு தூரம் வந்து குண்டானில் போய் முடியப்போகிறது என்று தோன்றியதாம். போட்டோவை ஒரு தடவை கையில் தரச் சொன்னார். வெளிச்சத்தில் சாய்த்துப் பார்த்தார். வலது ஓரத்தில், வாணலிகளுக்குப் பின்னால், ஒரு தகரப் பலகையின் ஒரு பகுதி தெரிந்தது. கன்னட எழுத்து.

"இதப் படிக்கச் சொல்லுங்க சார்."

மொழிபெயர்த்த ஊழியருக்குக் கன்னடம் தெரியாது. மைதிலி படிக்கலாமா என்றால் எதிர்த்தரப்பு ஒப்புக்கொள்ளவில்லை. அப்போது தலைவர், கம்பெனியின் அதிகாரிக்குக் கன்னடம் தெரியுமா என்று கேட்டார். பின் வரிசையிலிருந்து ரகுராம் எழுந்து வந்தார். போட்டோவை வாங்கினார். வனஜா அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். தெரியவில்லை, மங்கலாக இருக்கிறது என்று அவர் சொல்லியிருக்கலாம். யாரும் மறுத்திருக்க முடியாது.

ரகுராம் மூக்குக் கண்ணாடியைச் சரிசெய்தார். "பாத்ரெ அங்கடி, பக்கதல்லி" என்று வாசித்தார். பிறகு தாமே ஆங்கிலத்தில் சொன்னார்: "பாத்திரக் கடை, பக்கத்தில். அம்புக்குறி போட்டிருக்கிறது."

போட்டோவை மேஜையில் வைத்துவிட்டு யாரையும் பார்க்காமல் தன் இடத்துக்குப் போனார்.

தீர்ப்பு வர மேலும் ஒரு வருஷத்துக்கு மேல் ஆயிற்று. குறைந்தபட்ச விற்பனை விலை விதிப்பதை நிறுத்த வேண்டும், அதற்காகச் சரக்கை மறுக்கக்கூடாது, தேதியில்லாத கடிதங்களை எழுதியவர்களிடமே திருப்பிக் கொடுக்க வேண்டும். இவ்வளவும் வனஜா பக்கம். ஏரியா பிரிப்பது பற்றி, மைதிலி சொன்னபடியே, சர்வீஸுக்காகப் பிரித்ததைத் தவறென்று சொல்ல முடியாது என்றார்கள். ஆனால் வேறு ஏரியாவில் வாங்கிய காரணத்துக்காக வாடிக்கையாளருக்குக் கேரண்டியை மறுக்கக்கூடாது. நஷ்டஈடு கேட்டது தனியாக நின்றது, பிறகு ஒரு சின்னத் தொகையில் சமரசமானது. அதில் பாதியை வனஜா சில்வெஸ்டருக்குக் கொடுக்கப் போனார். அவர் அப்போது எலெக்ட்ரானிக் சிட்டி கம்பெனிகளுக்கு யூ.பி.எஸ். விற்றுக்கொண்டிருந்தார். வாங்கிக்கொள்ளவில்லை.

சரக்கு வந்தது. ஊர்க்காரர்கள் வருவார்கள் என்று வனஜா காத்திருந்தார். வரவில்லை. ஒருநாள் ருக்கு போன் செய்து காரணத்தைச் சொன்னார். கணேசமூர்த்திக்கு அவருடைய தேதியில்லாத கடிதம் ரிஜிஸ்டர் தபாலில் திரும்பி வந்த மறுவாரமே, அவர் தன் கடையில் விலையை ஆயிரத்து அறுநூற்று அறுபதாக்கிவிட்டார். ரயிலில் பெட்டியைச் சுமந்து போகவேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை.

"எனக்குக் கோவம் வந்துச்சுங்க" என்றார் வனஜா. "மூணு வருஷம் நான் ஓடினேன், அந்தாளு எழுந்துகூட நிக்கல. இப்ப அந்தாளு விக்கறாரு. ரெண்டு நாள் சோறே எறங்கல. அப்புறம் நெனச்சேன், நான் டெல்லில கேட்டது இதத்தானே? எனக்கு மட்டும் கொறைச்சு விக்க உரிமை குடுன்னு கேக்கலியே."

2001இல் தங்கவயல் சுரங்கம் மூடிய பிறகு அங்கே இன்னும் பல பேர் பெங்களூர் ரயிலைப் பிடித்தார்கள். அவர்களில் இரண்டு பெண்களுக்கு வனஜா காயில் சுற்றக் கற்றுக்கொடுத்து வேலையில் வைத்துக்கொண்டார். விற்பனையைக் குறைத்து ரிப்பேரைப் பெருக்கினார். பத்துக் கம்பெனிகளின் மிக்சிகளுக்கும் கிரைண்டர்களுக்கும் அவரிடம் உதிரிபாகம் கிடைத்தது. பக்கத்துக் கடையைச் சந்திரம்மா காலிசெய்தபோது அதையும் எடுத்துச் சேர்த்துக்கொண்டார்.

2008இல் ஒரு புதிய கம்பெனி அவரை சர்வீஸ் டீலராகச் சேர்க்க ஆள் அனுப்பியது. தீபிகா என்ற அந்த அதிகாரி பதினெட்டுப் பக்க ஒப்பந்தத்தைக் கொண்டுவந்து, எங்கெங்கே கையெழுத்து வேண்டும் என்று காட்டினார். நான் அன்றைக்கு என் கிரைண்டரை எடுக்கப் போயிருந்தேன். வனஜா பென்சிலோடு உட்கார்ந்து ஒவ்வொரு பக்கமாகப் படித்தார். நாற்பது நிமிஷம் ஆயிற்று. தீபிகா இரண்டு தடவை கடிகாரத்தைப் பார்த்தார்.

கடைசிப் பக்கத்தை மூடிவிட்டு வனஜா கேட்டார்: "இதுல எழுதாம, அப்புறமா போன்ல சொல்ற ரூல் ஏதாவது இருக்கா மேடம்?"

தீபிகா சிரித்தார். அப்படியெல்லாம் எதுவும் இல்லை என்றார்.

"அப்ப அதையும் ஒரு வரி எழுதிக் குடுத்துடுங்க" என்றார் வனஜா. தீபிகா ஆபீஸில் கேட்டுச் சொல்வதாகச் சொல்லி ஒப்பந்தத்தை எடுத்துக்கொண்டு போனார். வனஜா எழுந்து என் கிரைண்டரை ஓட்டிக் காட்டினார்.